ஆட்காட்டி கூடு கட்டாத காரணம்

இக்கதையைக் கருவாலி ஆற்றின் கீழ்க்கரையில், பரலூர்த் துறையில், வலைகட்டி சேந்தியிடம் கேட்டேன். பெருவெள்ளத்துக்குப் பின் ஏழாம் ஆண்டு. ஆறு இறங்கி, நடுவில் கூழாங்கல் நிறைந்த பரல்மேடுகள் வெளிப்படத் தொடங்கியிருந்த பருவம். முற்பகலில் தொடங்கி, கையிலிருந்த வலையின் கிழிசல் அடைபடும் வரை சொன்னார். "நடுவுல கேள்வி கேட்டா முடிச்சு தப்பிரும். அப்புறம் மீன் போச்சுன்னா உங்களத்தான் தேடி வருவேன்" என்று முன்னரே எச்சரித்ததால், என் ஐயங்களைக் கடைசிக்கு வைத்துக்கொண்டேன். மறு ஆண்டு அதே பருவத்தில் இரண்டாம் முறையும் அவரிடம் கேட்டு ஒப்பிட்டேன். ஓர் எண் மட்டுமே மாறியிருந்தது. அதனை உரிய இடத்தில் குறிப்பேன்.

கதைப்பகுதியை எழுத்து நடைக்கு மாற்றியிருக்கிறேன். பேச்சுகளை அவர் வாயில் வந்தபடியே விட்டிருக்கிறேன். பறவையை அவர் 'அவ' என்றே சொன்னார். நானும் 'அவள்' என்றே எழுதுகிறேன்.

*

அந்தக் காலத்தில் உயிர்கள் எல்லாம் பேசின. ஒன்றின் பேச்சு மற்றொன்றுக்கு விளங்கவும் செய்தது. ஆட்காட்டிக்கு அன்று இந்தப் பெயர் கிடையாது. கணந்துள் என்பதே அதன் பெயர். கணந்துள்ளைப் போலக் கூடு கட்டத் தெரிந்த பறவை கருவாலியின் இரு கரைகளிலும் இல்லை. இளங்கோரையை அலகால் கிழித்து மும்மடியாகப் பின்னும். உள்ளே நாணற்பூவின் பஞ்சை மெத்தையாக விரிக்கும். மழை பெய்தால் ஒரு துளி உள்ளே இறங்காது. தூக்கணாங்குருவியே வந்து பார்த்துவிட்டுப் பேசாமல் திரும்பிப் போகுமாம்.

பரலூரில் அப்போது பொழுதாளர் என்றொரு குடி இருந்தது. சென்ற பகலைத் திருப்பிக் கொண்டுவரும் வித்தை அவர்களுடையது. அக்குடியின் கடைசி ஆள் இறும்பன். அவனுக்கு முன்னிருந்தவர்கள் வாழ்நாளில் நான்கு முறையோ ஐந்து முறையோ நாளைத் திருப்பியவர்கள். அவனோ முப்பது வயதுக்குள் இருபது முறை திருப்பியிருந்தான். கல்மழையில் சிதைந்த விளைச்சலும், கவிழ்ந்த ஓடமும், இடிந்த கரையும் அவனால் நடவாதவை ஆயின. நாட்டில் மூன்று ஊர்கள் அவனால்தான் இன்னும் இருக்கின்றன என்பர். அவை எந்த மூன்று என்று ஊருக்கு ஊர் வேறாகச் சொல்கிறார்கள்.

வித்தை இவ்வாறு நடக்கும். பொழுதாளர் வீட்டுப் பின்புறத்தில் கல்தொட்டி ஒன்று உண்டு. அதில், அடியில் ஊசித்துளையிட்ட செப்பு வட்டில் ஒன்றைச் சூரியன் எழும் கணத்தில் மிதக்கவிடுவார்கள். பகல் முப்பது நாழிகையும் துளைவழியே நீர் ஏறும். சூரியன் மறையும் கணத்தில் வட்டில் மூழ்கித் தொட்டியின் தரையைத் தொடும். தொடுவதற்கு முன் பொழுதாளன் அதை எடுத்து, கிழக்கு நோக்கி நின்று, நீரைத் தொட்டியிலேயே கவிழ்த்தால் அந்த நாள் மீண்டும் விடியும். எரிந்தது பச்சையாகும், உடைந்தது முழுதாகும். வட்டில் தரையைத் தொட்டுவிட்டாலோ அந்த நாள் உறைந்துவிடும். பிறகு எவராலும் அதனை அசைக்க முடியாது. ஒரு வட்டில் கொள்வது ஒரு பகலைத்தான். இரண்டு பகலைச் சேர்த்துத் திருப்பியவர் எவரும் இல்லை.

இதில் ஓர் இடையூறு இருந்தது. நாள் திரும்பும்போது அதன் நினைவும் எல்லோரையும் விட்டுப் போய்விடும். திருப்பியவனையும் விட்டுப் போய்விடும். ஆகவே நினைவில் வைத்திருக்க ஒரு சாட்சி வேண்டும். நீர் கவிழும் கணத்தில் இமைக்காத கண்ணுக்கு மட்டுமே அந்த நாள் மறக்காது. மனிதர் இமைத்துவிடுவர். நாய் எசமானனின் முகத்தைப் பார்த்துக் கலங்கி இமைத்துவிடும். மீனுக்கு இமை இல்லை. ஆனால் அது நீருக்குள் இருப்பதால் நீரோடு சேர்ந்து அதன் நினைவும் கவிழ்ந்துவிடும். தொட்டியின் விளிம்பில் ஒற்றைக் காலில் நின்று, தண்ணீர் தெறித்தாலும் இமைக்காமல் பார்த்துக்கொண்டிருந்தது கணந்துள் ஒன்றுதான். அன்றிலிருந்து தலைமுறை தலைமுறையாக ஒரு கணந்துள் அந்த வீட்டுச் சாட்சியாக இருந்து வந்தது.

ஒவ்வொரு விடியலிலும் பொழுதாளன் தொட்டியருகே வந்து கேட்பான்: "இன்னிக்குப் புதுநாளா, பழநாளா?" சாட்சி "புதுநாள்" என்றால் அவன் வட்டிலை மிதக்கவிட்டுவிட்டு வேலையைப் பார்ப்பான். "பழநாள்" என்றால், என்ன நடந்தது என்று கேட்டு, அதன்படி நடப்பான். சாட்சிக்கு ஒரே கட்டளைதான்: கண்டதைச் சொல்லலாம், செய்ய வேண்டியதைச் சொல்லக் கூடாது. நாளைத் திருப்புவது மனிதன் பொறுப்பு, அதில் பறவையின் விருப்பம் கலக்கலாகாது என்று பொழுதாளர் கருதினார்கள். சாட்சியானது நாளுக்கு வெளியே நிற்கிறது என்றும் அவர்கள் நம்பினார்கள். நினைவு மட்டுமே வெளியே நின்றது. அதன் கூடும் முட்டையும் மற்ற எல்லாவற்றையும் போலப் பின்னோக்கிப் போயின. அதை எவரும் கேட்கவில்லை. கேட்க வேண்டும் என்று எவருக்கும் தோன்றவும் இல்லை.

இறும்பனுக்கு நறுவி என்று ஒரு மகள். வயது ஏழு, மேற்கரையார் ஒன்பது என்பர். பெற்ற வாரமே தாய் போய்விட்டாள். கணந்துள் கூடு கட்டும் பருவத்தில் ஆற்றோரம் இறங்கிக் கோரை பிடுங்கி வருவது நறுவியின் வேலை.

"இது முத்தினது. மடிச்சா உடையும். இளசாப் பாத்துப் பிடுங்கு" என்பாள் கணந்துள்.

"அக்கா, நீ கூடு கட்றியா, கல்யாண வீடு கட்றியா?"

"நாலு பேரு குடியிருக்கணும்ல."

"அப்ப என்னையும் சேத்து அஞ்சு."

அந்த ஆண்டு கூடு நறுவியின் சன்னலுக்கு நேரே, தொட்டியின் ஓரத்தில் அமைந்தது. முட்டைகள் நான்கு. கணந்துள் இருபத்தேழு நாள் அடைகாத்திருந்தாள்.

இருபத்தெட்டாம் நாள் விடியலில் நறுவியால் எழுந்திருக்க முடியவில்லை. உதடு சிவந்து, உடம்பு ஆற்றுக்கல்லாகச் சில்லிட்டிருந்தது. துறையிலிருந்த மருத்துவச்சி வந்து நகத்தை அழுத்திப் பார்த்துவிட்டு, "செங்குளிர்" என்றாள். "நீலவேர் அரைச்சுக் குடுத்தா நிக்கும். அது கொடுமுடி மலையிலதான் இருக்கு. போக மூணு நாள்."

"இவளுக்கு எத்தனை நாள் இருக்கு?" என்றான் இறும்பன்.

மருத்துவச்சி வானத்தில் சூரியன் எங்கே நிற்கிறது என்று பார்த்தாள்.

அன்று முழுவதும் அவன் மகள் பக்கத்திலேயே இருந்தான். மாலையில் கூட்டிலிருந்து மெல்லிய ஒலி கேட்டது. முட்டைக்குள் குஞ்சுகள் தட்டத் தொடங்கியிருந்தன. ஒரு முட்டையின் ஓடு மீன்முள் அளவுக்குக் கீறியிருந்தது.

"அக்கா, உள்ள தட்டுதா?" என்றாள் நறுவி.

"தட்டுது."

"நாளைக்குப் பொரிக்குமா?"

"பொரிக்கும்."

மேற்கே சூரியன் மறைவதற்குச் சற்று முன் நறுவியின் மூச்சு நின்றது. இறும்பன் எழுந்து ஓடி, மூழ்கப்போன வட்டிலை எடுத்துக் கவிழ்த்தான். கணந்துள் இமைக்காமல் நின்றாள்.

விடிந்தது. முட்டைகளுக்குள் அரவமே இல்லை. நறுவி உதடு சிவந்து கிடந்தாள். இறும்பன் வந்து வழக்கம்போலக் கேட்டான். சாட்சி வழக்கம்போலச் சொன்னாள்.

அன்று அவன் கிழக்கே போய், அங்கு ஒருத்தி வைத்திருந்த கசாயத்தை வாங்கிவந்தான். மாலையில் நறுவி இறந்தாள். மறுமுறை வடக்கே போனான். மறுமுறை பருந்தைக் கூப்பிட்டுக் கொடுமுடிக்குப் போகச் சொன்னான். பருந்து, "போக ஒரு பகல், வர ஒரு பகல். என்னைய அம்புல கட்டி எய்தாலும் அதுக்குக் குறைஞ்சு ஆகாது சாமி" என்றது. வட்டில் மூழ்குமுன் வீட்டுக்குத் திரும்பியாக வேண்டுமாதலால் அரைநாள் தொலைவுக்கு மேல் அவனால் போக முடியவில்லை. ஆகவே அரைநாள் தொலைவுக்குள் முளைத்த ஒவ்வோர் இலையையும், ஒவ்வொரு பட்டையையும், ஒவ்வொரு வேரையும் அவன் கொண்டுவந்தான். உப்புநீரில் கிடத்தினான். சூடிட்டான். மந்திரித்தான். ஒவ்வொன்றும் அவனுக்கு முதல்முறை. கணந்துள்ளுக்கு மட்டும் அது எத்தனையாவது என்று தெரியும்.

பழநாட்கள் பெருகப் பெருக அவள் சொல்ல வேண்டிய சாட்சியும் நீண்டது. எதையெல்லாம் செய்து பயனில்லை என்று அவள் சொன்னால்தான் அவன் அதைத் திரும்பச் செய்யாதிருப்பான். ஐம்பதாவது பழநாளில் அவள் சொல்லி முடிப்பதற்குள் சூரியன் ஒரு முழம் ஏறிவிட்டது. நூறாவதில் பனி உலர்ந்துவிட்டது. அதற்குப் பின் அவன் புறப்படும்போது நிழல் காலடிக்குச் சுருங்கியிருந்தது. மருந்து தேடும் பகலைத் தேடிய மருந்துகளின் பெயர்களே தின்றன.

"சுருக்கிச் சொல்லேன்!" என்று அவன் கத்துவான்.

"எதை விடட்டும் ஐயா? எதை விடுறேனோ அதைத்தான் போய்க் கொண்டாருவீங்க."

தொட்டியில் ஒரு தவளை இருந்தது. அன்றைய விடியலில் அது கூட்டை அண்ணாந்து பார்த்து, "ஏம்மா, வீடு அரண்மனையா இருக்கே, மழைக்காலத்துல நமக்கு ஒரு மூலை ஒதுக்குவியா?" என்று கேலி செய்தது. கணந்துள் முதல்நாள் சிரித்தாள். ஒவ்வொரு பழநாளிலும் தவளை அதையே சொல்லி, அதே இடத்தில் தானே சிரித்தது. நாற்பதாவது நாள் அது வாயைத் திறக்குமுன்பே அவள், "ஒதுக்க மாட்டேன்" என்றாள். தவளை திகைத்து நீருக்குள் போய்விட்டது. மறுநாள் அதற்கு அதுவும் நினைவில்லை. மீண்டும் வந்து கேட்டது.

ஆனால் அவளால் தாங்க முடியாமற் போனது காலை அல்ல, மாலைதான். மாலைதோறும் ஓட்டுக்குள் தட்டும் ஒலி. மாலைதோறும் அதே கீறல். "உள்ள தட்டுதா அக்கா?" "தட்டுது." "நாளைக்குப் பொரிக்குமா?" "பொரிக்கும்." பிறகு அந்த மூச்சு நிற்பது. பிறகு நீர் கவிழ்வது. பிறகு மீண்டும் அரவமற்றுக் கிடக்கும் நான்கு முட்டைகள். ஒரு பிள்ளை இறப்பதை அத்தனை முறை கண்டு, ஒன்றையும் மறக்காத உயிர் வேறெதுவும் உலகத்தில் இருந்ததில்லை.

இருநூற்றுப் பதினாறு முறை நாள் திரும்பியது. (மாறியிருந்தது என்று நான் முன்பு குறித்த எண் இதுவே. இரண்டாம் முறை சேந்தி இருநூற்று அறுபது என்றார். கதை முடிந்ததும் காரணம் கேட்டேன். "எண்ணுனவ அவ. நான் எங்க எண்ணுனேன்?" என்றார்.) அரைநாள் தொலைவுக்குள் இறும்பன் போகாத திசை இல்லை, கொண்டுவராத இலை இல்லை. இனி மிச்சமில்லை என்பதை அறிந்தவள் கணந்துள் ஒருத்திதான். அதைச் சொல்லவும் அவளுக்கு உரிமை இல்லை. 'மிச்சமில்லை' என்பது அவள் கண்டதன்று, அவள் கருதியது.

அடுத்த விடியலில் இறும்பன் வந்து கேட்டான்: "இன்னிக்குப் புதுநாளா, பழநாளா?"

கணந்துள் முட்டைகளைப் பார்த்தாள்.

"பழநாள்."

"என்ன நடந்துச்சு?"

"மேலூர்த் தினைப்புனம் பத்திக்கிச்சு. பொழுது இறங்குற நேரம். பதினோரு குடிசை போச்சு. அதுக்காகத்தான் திருப்புனீங்க."

இறும்பன் வீட்டைத் திரும்பிப் பார்த்தான். "பிள்ளைக்கு உடம்பு சில்லுன்னு கிடக்கே."

"சாயங்காலம் எந்திரிச்சுக் கஞ்சி குடிச்சா."

"நீ கண்டியா?"

"கண்டேன்."

அந்தக் குடியின் வரலாற்றில் சாட்சி பொய் சொன்னதில்லை. ஆகவே ஐயப்படும் பழக்கம் அவனுக்கு இல்லை. மருத்துவச்சியை அழைக்கவும் தோன்றவில்லை. வட்டிலை மிதக்கவிட்டு, உள்ளே போய் மகளின் தலைமாட்டில் குனிந்தான்.

"மேலூர் வரைக்கும் போயிட்டு வந்துர்றேன். உனக்கு என்ன வேணும்?"

"தினைமாவு உருண்டை."

"ரெண்டு கொண்டாரவா?"

"மூணு. அக்காவுக்கு ஒன்னு."

அவன் புறப்பட்டுப் போனான்.

கணந்துள் கொடியவள் அல்லள் என்பதைச் சேந்தி இந்த இடத்தில் வலையைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னார். நாள் திரும்பினாலும் திரும்பாவிட்டாலும் நறுவிக்கு மாலைக்கு அப்பால் பொழுதில்லை. திரும்பாவிட்டால் நான்கு உயிர் ஓட்டை விட்டு வெளியே வரும். அவள் நினைத்தது அவ்வளவுதான். "நெனச்சது தப்பில்ல. அதுதான் கொடுமை" என்றார்.

அவள் நினைக்காதது ஒன்று இருந்தது. முன் சென்ற நாட்களில் எல்லாம் பிற்பகலில் தகப்பன் ஏதோ ஓர் இலையோடு திரும்பிவந்து மகள் அருகில் உட்கார்ந்துவிடுவான். ஆகவே நறுவி அவனைத் தேடிக் கேட்டதே இல்லை. அன்று அவன் வரவில்லை. உச்சி சாய்ந்து, சன்னல் வெயில் பாயை விட்டு இறங்கியபோது நறுவி கேட்டாள்:

"அக்கா, அப்பா எங்க?"

"மேலூர்ல."

"கூப்பிட்டு வா அக்கா. பயமா இருக்கு."

இந்தச் சொல்லைக் கணந்துள் இருநூற்றுப் பதினாறு நாளில் கேட்டதில்லை. முட்டைகளைக் கோரையால் மூடிவிட்டுப் பறந்தாள்.

மேலூரில் தினைப்புனத்தைச் சுற்றிப் பச்சைக் கிளைகளும் தண்ணீர்க் குடங்களுமாக ஊரே நின்றது. நடுவே இறும்பன், வராத தீயை எதிர்பார்த்து நின்றான். சூரியன் மறைய இன்னும் நான்கு நாழிகை இருந்தது. ஓடினால் மூன்று நாழிகையில் வீட்டை அடைந்துவிடலாம். கணந்துள் அவன் தலைக்கு மேலே வட்டமிட்டாள்.

அவன் அண்ணாந்து பார்த்துச் சிரித்தான். "பாருங்கய்யா, நம்ம மேல நம்பிக்கை இல்லாம சாட்சியே மேற்பார்வைக்கு வந்திருக்கு."

"கீழ வரச் சொல்லுங்க, ஒரு குடத்தைக் குடுப்போம்" என்றான் ஊரான் ஒருவன். எல்லோரும் சிரித்தார்கள்.

அவள் இரண்டாம் முறை வட்டமிட்டாள். அலகைத் திறந்தாள். அப்போது அவளுக்குத் தட்டும் ஒலி கேட்டது. அவ்வளவு தொலைவில் கேட்டிருக்க முடியாது. ஆனாலும் கேட்டது என்றே எல்லோரும் சொல்கிறார்கள். அவனிடம் ஒரு சொல் சொன்னால் அவன் ஓடிவருவான். மகள் அருகில் இருப்பான். ஆனால் வந்த கையோடு வட்டிலையும் கவிழ்ப்பான். ஒன்றை மட்டும் கொடுத்து மற்றதை வைத்துக்கொள்ள வழியில்லை. மூன்றாம் முறை வட்டமிட்டாள். அலகை மூடிக்கொண்டு திரும்பிப் பறந்தாள்.

"வர்றாரா?" என்றாள் நறுவி.

"வந்துட்டே இருக்காரு."

"எங்க வந்துட்டாரு?"

"ஆத்தைக் கடந்துட்டாரு."

நறுவி வாசல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். முட்டைகளைப் பற்றி அன்று அவள் கேட்கவில்லை. மேற்கே சூரியன் மறைவதற்குச் சற்று முன் மூச்சு நின்றது. கணந்துள் தொட்டி விளிம்பில் போய் நின்றாள். யாரும் ஓடிவரவில்லை. வட்டில் சாய்ந்தது, மூழ்கியது, கல்லைத் தொட்டு ஒருமுறை ஒலித்தது.

"என்ன சத்தம் அது?" என்றது தவளை.



மேலூரார் தீ வராததைக் கொண்டாடினார்கள். இருட்டில் ஓடம் கிடையாது என்று இறும்பனைத் தங்கவைத்தார்கள். மறுநாள் கிழக்கு வெளுத்ததும் முதல் ஓடத்தில் புறப்பட்டு, தினைமாவு உருண்டை கட்டிய இலைப்பொதியோடு அவன் வந்து சேர்ந்தான். பொழுதாளர் முறைப்படி வீட்டுக்குள் நுழையுமுன் தொட்டிக்கு வந்து, அடியில் கிடந்த வட்டிலை எடுத்து, கேட்டான்:

"இன்னிக்குப் புதுநாளா, பழநாளா?"

"புதுநாள்" என்றாள் கணந்துள். அது உண்மை.

"பிள்ளை கஞ்சி குடிச்சாளா?"

அவள் விளிம்பில் நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னாள். முதல் நாளிலிருந்து தொடங்கினாள். கிழக்கு, வடக்கு, பருந்து, உப்புநீர், பட்டை, வேர் என்று ஒன்று விடாமல் சொன்னாள். நேற்றையதையும் சொன்னாள். சொல்லி முடிக்கையில் உச்சிப்பொழுது ஆகியிருந்தது. அவள் சொன்னதை அவன் குறுக்கிடாமல் கேட்டது அந்த ஒருமுறைதான். உள்ளே போய் மகளைப் பார்த்துவிட்டு வந்து, தொட்டியின் மேல் உட்கார்ந்தான்.

"இத்தனை நாள்ல, காலையிலேருந்து சாயங்காலம் வரைக்கும் நான் அவ பக்கத்துல உக்காந்திருந்தது எத்தனை நாள்?"

"முதல் நாள் ஒன்னுதான் ஐயா. மத்த நாளெல்லாம் பாதிப் பொழுது வழியில இருந்தீங்க."

"நான் உக்காந்திருக்கலாம்னு உனக்குத் தோணலையா?"

"தோணுச்சு. நூறாவது நாளே தோணுச்சு."

"ஒரு நாளாவது சொல்லியிருக்கலாமே, போகாத, உக்காருன்னு."

"செய்ய வேண்டியதைச் சாட்சி சொல்லக் கூடாதுன்னு உங்க குடிதான சொல்லிச்சு."

"அந்தக் கட்டளையைக் காப்பாத்துனியாக்கும்" என்றான் இறும்பன்.

அவன் அவளை அடிக்கவில்லை, சபிக்கவும் இல்லை. சபித்திருந்தால் அவளுக்கு ஆறுதலாக இருந்திருக்கும். மகளை ஆற்றங்கரையில் புதைத்துவிட்டு, வட்டிலைப் புதைகுழியின் மேல் கவிழ்த்து வைத்துவிட்டு, கொடுமுடி இருக்கும் திசையில் நடந்தான். மூன்று நாள் வழி. அவன் திரும்பவில்லை. அவனோடு பொழுதாளர் குடியும் அந்த வித்தையும் போயின.

நறுவியைப் புதைத்த அன்று காலையில்தான் முட்டைகள் பொரிந்திருந்தன. அடைபட்டுக் கிடந்த நாளெல்லாம் எந்த வழியிலோ அந்தக் குஞ்சுகளின் காலில் ஏறியிருந்தது போலும்; ஓட்டை உடைத்த ஈரம் உலருமுன்னே நான்கும் எழுந்து, ஆளுக்கொரு பக்கம் பரலின்மேல் ஓடிவிட்டன. அந்தக் கூட்டில் ஒரு பொழுதுகூட அவை தங்கவில்லை. யாருக்காக அவள் பொய் சொன்னாளோ அவர்களுக்குச் சொல்வதற்கு அவளிடம் எதுவும் இல்லை; கேட்பதற்கு அவர்களும் நிற்கவில்லை.

கணந்துள் வெறுங்கூட்டின் விளிம்பில் நின்றாள். பின்னியிருந்த ஒவ்வொரு கோரையும் நறுவி பிடுங்கித் தந்தது. அதில் இறங்கி உட்கார அவளால் முடியவில்லை. ஒவ்வொரு கோரையாக உருவிக்கொண்டுபோய்ப் புதைகுழியின் மேல் போட்டாள். பஞ்சையும் போட்டாள். கடைசிக் கோரையைப் போட்டுவிட்டு நிமிர்ந்தபோது, ஆற்று வழியில் யாரோ ஒருவன் வருவது தெரிந்தது. இறும்பன்தான் வருகிறான் என்று எண்ணிவிட்டாள். எழும்பிப் பறந்து அவன் தலைக்கு மேலே வட்டமிட்டு, மேலூரில் சொல்லாமல் விட்டதைக் கத்தினாள்: "ஓடு, வீட்டுக்கு ஓடு, இன்னும் பொழுதிருக்கு!" வந்தவன் வழிப்போக்கன். ஒன்றும் விளங்காமல் தலையில் கைவைத்துக்கொண்டு ஓடினான். அவள் விடாமல் கத்தினாள். தொண்டை கிழிந்து, சொற்கள் உதிர்ந்து, ஒலி மட்டும் மிஞ்சும்வரை கத்தினாள்.

அன்று முதல்தான் ஆட்காட்டி கூடு கட்டுவதை விட்டு வெறும் பரலின்மேல் முட்டையிடுகிறது. அதன் குஞ்சுகள் பொரிந்தவுடன் ஓடுகின்றன. எந்த மனிதன் எங்கே நடந்து வந்தாலும் அது எழும்பி அவன் தலைக்கு மேலே சுற்றிச் சுற்றிக் கத்துகிறது.

*

மற்றவர்கள் சொல்லும் முடிவுகள் வேறு. மேற்கரையார் கூற்றில், மேலூரில் தலைக்கு மேலே பறவை வட்டமிட்டபோதே இறும்பனுக்குப் புரிந்துவிடுகிறது; புரிந்தும் அவன் அண்ணாந்து பார்ப்பதை நிறுத்திக்கொண்டு, தீ வராத புனத்தில் பொழுது சாயும் வரை நிற்கிறான். கீழ்க்கரையார் இதைக் கேட்டால் சினம் கொள்கிறார்கள். தகப்பன் அப்படிச் செய்வானா என்கிறார்கள். உப்பளத்துக் கூற்றில் கணந்துள் பொய்யே சொல்லவில்லை. சொல்லச் சொல்லச் சாட்சி நீண்டு, ஒருநாள் அவள் சொல்லி முடிப்பதற்குள் சூரியன் மறைந்துவிடுகிறது.

நான் தொகுத்தவை பதினொரு கூற்றுகள். சிறுமி பிழைக்கும் கூற்று ஒன்றேனும் உண்டா என்று தேடினேன். கரும்பாறையூரில் தோணிக்குத் தார் பூசும் மாதிரன் என்பவருக்கு அப்படி ஒன்று தெரியும் என்று இரண்டு இடங்களில் சொன்னார்கள். இரண்டு நாள் நடந்து போய்ச் சந்தித்தேன். ஆமாம், தம் கதையில் பிள்ளை சாவதில்லை என்றார். கூடு, தொட்டி, தவளை எல்லாவற்றையும் நிதானமாகச் சொல்லிவந்தார். தகப்பன் கிழக்கிலிருந்து கசாயத்தோடு திரும்புகிறான். பிள்ளை சன்னல் வழியே கூட்டைப் பார்த்துக்கொண்டு படுத்திருக்கிறாள். வெயில் இன்னும் பாயின்மேல் இருக்கிறது. அவ்விடத்தில் நிறுத்திவிட்டுத் தார்ச்சட்டியைக் கிளறத் தொடங்கினார்.

"மேலே?" என்றேன்.

"இதுக்கு மேல நான் சொல்றதில்லைங்க" என்றார்.